“சொந்த ஊர் எது?” என்றதும் அந்தப் பையன் ஏன் தயங்கினான்

மதுரையில் உங்களோடு வேலை பார்க்கும் பையனிடம் பேச்சுவாக்கில் சொந்த ஊர் எது என்று கேட்டிருக்கிறீர்கள். அவன் கொஞ்சம் தயங்கிவிட்டு “ராம்நாடு பக்கம்” என்றிருக்கிறான். அவன் மண்டபத்து இலங்கை அகதிகள் முகாமில் பிறந்து வளர்ந்தவன் என்பது பிறகு வேறொருவர் சொல்லித்தான் உங்களுக்குத் தெரிந்திருக்கிறது. இங்கேயே பிறந்து இங்கேயே படித்தவன் ஊர்ப் பெயர் சொல்ல ஏன் யோசிக்க வேண்டும், இலங்கையில் போர் 2009லேயே முடிந்துவிட்டதே, பிறகும் ஏன் திரும்பிப் போகவில்லை, இத்தனை வருடத்தில் இவர்கள் ஊரோடு கலந்திருக்க வேண்டாமா என்பது உங்கள் கேள்வி. கடைசியில் “நான் கேட்டது தப்பா?” என்றும் சேர்த்திருக்கிறீர்கள். அந்தக் கடைசி வரிதான் உண்மையான கேள்வி என்று எனக்குப் படுகிறது. தப்பில்லை. ஆனால் நீங்கள் கேட்ட அந்தச் சின்னக் கேள்வி மற்றவர்களுக்கு ஒரு சொல்லில் முடிந்துவிடும், அவனுக்கு முடியாது. ஏன் என்று சொல்லப் பார்க்கிறேன், கொஞ்சம் நீளமாகத்தான் போகும்.

நான் வக்கீல் இல்லை, ஆய்வு செய்தவளும் இல்லை. 1991இல் வேலைக்குச் சேர்ந்து 2019இல் ஓய்வு பெறும் வரை மண்டபத்தைச் சுற்றியுள்ள பள்ளிகளில் தமிழ் ஆசிரியை. ஒவ்வொரு வகுப்பிலும் முகாம் பிள்ளைகள் இருந்தார்கள். சில வருடம் பத்துப் பேர், சில வருடம் வகுப்பில் பாதி. ஆகவே நான் சொல்வதெல்லாம் கடலோரத்து முகாம் ஒன்றையும் அதன் பிள்ளைகளையும் வைத்துத்தான். தமிழ்நாட்டில் இப்படி நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்கள் இருக்கின்றன. கடலே கண்ணில் படாத உள்மாவட்டத்து முகாமில் கதை வேறு மாதிரி போயிருக்கலாம்.

முதலில் இடத்தைப் பற்றி. மண்டபம் முகாம் என்றால் எண்பத்து மூன்றில் அவசரமாகப் போட்ட கொட்டகை என்று பலர் நினைக்கிறார்கள். அந்த இடம் அதைவிடப் பழையது. வெள்ளைக்காரன் காலத்தில் இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்கு ஆள் பிடித்து அனுப்பினார்களே, அவர்களைக் கப்பலேற்றுவதற்கு முன் காலரா, அம்மை இருக்கிறதா என்று அடைத்து வைத்துச் சோதித்த இடம் அது. நம் மண்ணில் இலங்கை அரசாங்கம் நடத்திய முகாம். 1914இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு ரயிலில் வந்து இங்கே இறங்கி, சோதனை முடிந்து தனுஷ்கோடிக்குப் போய், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல். ஐம்பது வருடம் கழித்து அதே ஆட்களின் பேரப்பிள்ளைகள் எதிர்த்திசையில் வந்து அதே முகாமில் இறங்கினார்கள். அதற்கும் பிறகு போருக்குத் தப்பி வந்தவர்கள். போனவர்களுக்கும் திரும்பியவர்களுக்கும் ஓடி வந்தவர்களுக்கும் ஒரே வாசல். ரயில் நிலையத்துக்கே “மண்டபம் கேம்ப்” என்றுதான் பெயர். அதற்கு அடுத்த நிலையம் வெறும் மண்டபம்.

நடுவில் வந்த கூட்டத்தை நம் ஆட்கள் பெரும்பாலும் மறந்தே போனார்கள். 1948இல் இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டத்தால் அந்தத் தேயிலைத் தோட்டத்து மலையகத் தமிழர்களில் பெரும்பாலோர் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாமல் போனார்கள். 1964 அக்டோபரில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால்பகதூர் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தத்தில் அவர்களில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்வது, 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை கொடுப்பது, மிச்சம் ஒன்றரை லட்சம் பேரைப் பிறகு பார்ப்பது என்று முடிவானது. நெல்லு மூட்டை பிரிக்கிற மாதிரி. அந்த மிச்சத்தையும் 1974இல் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். வந்தவர்களுக்கு இந்தியப் பாஸ்போர்ட் உண்டு. அதில் தாத்தா காலத்து ஊர்ப் பெயர் இருக்கும்: இங்கே ராமநாதபுரம், புதுக்கோட்டை, திருச்சி, சேலம் ஜில்லாக்களில் ஏதாவது ஒரு கிராமம். அந்த ஊருக்குப் போனால் “நீங்க யாரு?” என்பார்கள். சொந்த ஊர் என்று அரசாங்கமே எழுதிக் கொடுத்த ஊரில் அவர்களைத் தெரிந்தவர் ஒருவர் இருக்கமாட்டார். கோத்தகிரி, கூடலூர் பக்கம் அரசுத் தேயிலைத் தோட்டங்களில் குடியேறியவர்கள்தான் கொஞ்சம் நிமிர்ந்தார்கள் என்பது என் அபிப்பிராயம். தெரிந்த வேலை, தெரிந்த குளிர், பக்கத்து லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டில், அதே பேச்சு. அவர்களுக்கும் பர்மாவிலிருந்து வந்தவர்களுக்கும் கடன் கொடுக்க 1969இல் தொடங்கியதுதான் ரெப்கோ வங்கி. இன்றைக்கு அந்த வங்கியில் நகைக்கடன் வாங்கும் எத்தனை பேருக்கு இது தெரியும்!

சரி, உங்கள் பையன் கதைக்கு வருகிறேன். 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு 1987 இந்திய-இலங்கை ஒப்பந்தம் வரை ஒரு லட்சத்து முப்பதாயிரத்துக்கும் மேல் வந்தார்கள். இந்திய அமைதிப்படை திரும்பிய பின் 1990 ஜூனில் மறுபடி சண்டை மூண்டதும் இன்னும் ஒரு லட்சத்துக்கு மேல். 1995க்குப் பிறகு ஒரு வரவு, 2006க்குப் பிறகு ஒரு வரவு. 2022இல் அங்கே அரிசிக்கும் மண்ணெண்ணெய்க்கும் திண்டாட்டம் வந்தபோது சில நூறு பேர். தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையே முப்பது கிலோமீட்டர்தான். ஆனால் படகுக்காரர் கரை வரை வரமாட்டார். நடுக்கடல் மணல் திட்டில் இறக்கிவிட்டு “அதோ இந்தியா” என்று காட்டிவிட்டுத் திரும்பிவிடுவார். திட்டில் ஒரு நாள், இரண்டு நாள் குழந்தைகளோடு நின்றவர்களின் பிள்ளைகள் என் வகுப்பில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இந்த வருடக் கணக்கு உங்களுக்கு வெறும் தகவல். முகாமுக்குள்ளே அது ஊர்ப் பெயர் மாதிரி. புதிதாக ஒருவரைப் பார்த்தால் அவர்கள் கேட்கும் முதல் கேள்வி “எந்த இடம்?”, இரண்டாவது “எந்த வருசம் வந்தனீங்கள்?” எண்பத்து நாலில் வந்தவர்கள், தொண்ணூறில் வந்தவர்கள், ரெண்டாயிரத்து ஆறில் வந்தவர்கள் என்று அவர்களுக்குள் ஒரு வரிசை இருக்கிறது. முந்தி வந்தவர்களுக்கு வேலை கிடைக்கும் இடம், எந்தக் கடையில் கடன் தருவார்கள், எந்த அதிகாரி எப்படி என்பதெல்லாம் அத்துபடி. பிந்தி வந்தவர்கள் போரைக் கூடுதலாகப் பார்த்தவர்கள். முந்தியவர்களைப் பார்த்து “உங்களுக்கு என்ன தெரியும்” என்பார்கள். சம்பந்தம் பேசும்போது இரண்டும் வரும். வெளியிலிருந்து பார்க்கிற நமக்கு எல்லோரும் “சிலோன்காரங்க”. உள்ளே மன்னார் வேறு, வன்னி வேறு, திருகோணமலை வேறு, மலையகத்திலிருந்து கலவரத்துக்குப் பயந்து வன்னிக்குப் போய் அங்கிருந்தும் கிளம்பி வந்தவர்கள் வேறு. அந்தக் கடைசிக் கூட்டத்தின் நிலைமைதான் மோசம். அங்கே அவர்களை இந்தியாக்காரன் என்றார்கள்.

நான் தமிழ் ஆசிரியை என்பதால் ஒரு வசதி இருந்தது. “எங்கள் ஊர்” என்று கட்டுரை எழுதச் சொல்வேன். ஆறாம் வகுப்புக்கு வருடா வருடம். அதை எந்தத் திட்டத்தோடும் ஆரம்பிக்கவில்லை. கேட்க எளிதான தலைப்பு, திருத்தவும் எளிது, அவ்வளவுதான். சேர்ந்த முதல் வருடம் தொண்ணூறில் வந்த பிள்ளைகள் எழுதியது இன்னும் ஞாபகம் இருக்கிறது. பேசாலை, முழங்காவில், தலைமன்னார் என்று ஊர் ஊராக எழுதினார்கள். பேசாலைப் பிள்ளை ஒருவன் வெற்றி அன்னை கோயில் திருவிழாவைப் பற்றியே நாலு பக்கம் எழுதியிருந்தான். வீட்டுக்குப் பின்னால் எத்தனை பனை என்று எண்ணி எழுதியிருந்தாள் ஒருத்தி. அது கட்டுரை இல்லை, பத்திரம். போய்த் திரும்பினால் எது எது தன்னுடையது என்று அந்தப் பிள்ளை குறித்து வைத்திருந்தாள். நான் அப்போது அது தெரியாமல் “கட்டுரையில் முன்னுரை இல்லை” என்று சிவப்பு மையில் எழுதிக் கொடுத்தேன்.

பத்து வருடம் கழித்து அதே தலைப்பில் எழுதிய பிள்ளைகள் இங்கே பிறந்தவர்கள். அவர்களும் பேசாலை, முல்லைத்தீவு என்றுதான் எழுதினார்கள். ஆனால் வாசித்தாலே தெரியும், பார்த்து எழுதியது இல்லை. “எங்கள் ஊர் மிகவும் வளமானது. அங்கே தண்ணீர் இனிக்கும். அங்கே பகலில் ஒருவரும் கதவைப் பூட்டுவதில்லை” என்று கோயில் தலபுராணம் மாதிரி இருக்கும். ஆச்சிமார் சொன்னது. உள்ளூர்ப் பிள்ளைகள் பேருந்து நிலையம், கண்மாய், ரேஷன் கடை என்று எழுதியபோது இவர்கள் எழுதிய ஊரில் பேருந்தே இருக்காது. ஆச்சி கிளம்பிய நாளோடு அந்த ஊர் அப்படியே நின்றுவிட்டது. பிறகு 2010ஐ ஒட்டிக் கட்டுரை மறுபடி மாறியது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

இன்னொரு சாட்சி விடுப்புக் கடிதம். ஆரம்ப வருடங்களில் பெற்றோர் எழுதிக் கொடுத்தனுப்பும் கடிதத்தில் என்னை “ரீச்சர்” என்று எழுதியிருப்பார்கள். அங்கே எழுத்து வழக்கு அப்படி. “பிள்ளைக்குக் காய்ச்சல், ஆனபடியால் இரண்டு நாள் லீவு தரவும் ரீச்சர்.” அந்தப் பிள்ளைகளே பெற்றோரான பிறகு அவர்கள் கடிதத்தில் நான் “டீச்சர்” ஆகிவிட்டேன். எப்போது மாறினேன் என்று எனக்கே தெரியாது. பேச்சிலும் அப்படித்தான். முகாம் வாசலுக்குள்ளே “ஓம்”, ரோட்டுக்கு வந்தால் “ஆமா”. உள்ளே “கதைக்கிறது”, வெளியே “பேசுறது”. கதிரை நாற்காலியாகும், சவர்க்காரம் சோப்பாகும். பிள்ளைகள் இதை யாரும் சொல்லித் தராமல், பேருந்தில் ஏறும்போது செருப்பு மாட்டுவது போலச் செய்தார்கள். இது வேடிக்கைக்குச் செய்ததில்லை. 1991 மே மாதம் ராஜீவ் காந்தி கொல்லப்பட்ட பிறகு இந்தப் பேச்சு காதில் விழுந்தாலே திரும்பிப் பார்க்கிற காலம் ஒன்று இருந்தது. வாடகைக்கு வீடு கிடைக்காது, பேருந்தில் பேச்சைக் கேட்டுப் பக்கத்தில் இருப்பவர் நகர்ந்து உட்காருவார். அதுவரை சோறு போட்டு வைத்துக்கொண்ட கரை அது. உங்கள் பையன் அப்போது பிறந்திருக்கமாட்டான். ஆனால் அவன் அம்மா “வெளியில கவனமாக் கதை” என்று சொல்லித்தான் வளர்த்திருப்பாள். அவன் தயங்கியதில் ஒரு பங்கு அங்கிருந்து வருகிறது என்று நினைக்கிறேன். இது என் ஊகம்தான், ஆனால் நிறையப் பிள்ளைகளைப் பார்த்து வந்த ஊகம்.

இதில் வினோதம் என்னவென்றால் எங்கள் கரையே பாதி இலங்கைதான். கீழக்கரையில் தொதல் கிண்டுகிறார்கள், வட்டிலப்பம் செய்கிறார்கள், தேத்தண்ணி என்கிறார்கள். எங்கள் வீட்டில் சர்க்கரை என்ற சொல்லே கிடையாது, சீனிதான். இலங்கை வானொலியில் மயில்வாகனனையும் கே.எஸ். ராஜாவையும் கேட்டு வளர்ந்த காதுகள் எங்களுடையவை. அரிச்சல்முனையில் போய் நின்றால் இன்றைக்கும் கைப்பேசி இலங்கைக்கு வரவேற்கிறது. கடைக்கும் தோணிக்கும் போய் வந்தவர்கள் இல்லாத குடும்பம் இந்தப் பக்கம் குறைவு. ஆக, சோறும் சாமியும் பேச்சும் வேறாக இருப்பதால்தான் இவர்கள் ஒட்டவில்லை என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். ஒட்டுவதற்கு இதைவிடத் தோதான கரை கிடைக்காது. முதல் ஐந்தாறு வருடத்திலேயே முகாம் பெண்களிடம் எங்கள் தெரு சொதி வைக்கக் கற்றுக்கொண்டது. எங்கள் பிள்ளைகள் பழக்கத்தில் “வடிவா இருக்கு” என்றார்கள்.

ஒட்டவிடாமல் நிற்பது காகிதம். இது ஊகம் இல்லை, சட்டத்தில் உள்ளது. 1987 ஜூலை 1க்கு முன் இந்தியாவில் பிறந்தவர் பிறப்பாலேயே இந்தியர். அதற்குப் பிறகு, 2004 டிசம்பர் 3க்கு முன் பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். அதற்கும் பிறகு பிறந்தவருக்கு ஒருவர் இந்தியராக இருந்தால் போதாது, மற்றவர் சட்டவிரோதமாகக் குடியேறியவராகவும் இருக்கக் கூடாது. படகில் வந்தவர்களை அரசாங்கம் அந்தக் கணக்கில்தான் வைத்திருக்கிறது. அகதிகளுக்கான 1951ஆம் ஆண்டு உலக ஒப்பந்தத்தில் இந்தியா கையெழுத்திடவில்லை. 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இலங்கை இல்லை. 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண் முதல் வகையில் வருவதால், உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போய் 2022இல் பாஸ்போர்ட்டுக்கு உத்தரவு வாங்கினார். 2024 தேர்தலில் வாக்களித்தார். பத்திரிகைகள் கொண்டாடின. அவருக்கு அடுத்து 1988இல் பிறந்த தம்பியோ தங்கையோ இருந்தால் அவர்களுக்கு அந்த உத்தரவு உதவாது. உங்கள் பையனுக்கு இருபத்தைந்து முப்பது வயது என்றால் அவனும் அந்த 1987 எல்லைக் கோட்டுக்கு இந்தப் பக்கம்தான். அவன் பெற்றோர் சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் அவன் பிறப்பைப் பதிந்திருந்தால் இலங்கைக் குடியுரிமை உண்டு. பதியாமல் விட்டவர்களுக்கு இரண்டும் கையில் இல்லை.

அரசாங்கம் எதுவும் செய்யவில்லை என்று சொல்லமாட்டேன். மாதப் பணம் உண்டு, ரேஷன் உண்டு, பள்ளிப் படிப்பு மற்றப் பிள்ளைகளுக்கு இருப்பது போலவே இலவசம். 2021இல் சட்டமன்றத்தில் அறிவித்து 7,469 வீடுகளைப் புதிதாகக் கட்டத் தொடங்கினார்கள். “அகதிகள் முகாம்” என்ற பெயரை “இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்” என்று மாற்றினார்கள். அப்போதைய கணக்கில் முகாம்களில் சுமார் 58,000 பேர், வெளியே பதிந்து வாழ்பவர் சுமார் 34,000 பேர். 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்தவர்களைப் புதிய குடியேற்றச் சட்டத்தின் தண்டனைப் பிரிவுகளிலிருந்து மத்திய அரசு 2025இல் விலக்கியது. விலக்கு வேறு, குடியுரிமை வேறு. மாதத்துக்கு ஒருமுறை செக்கிங் அன்றைக்கு நேரில் வந்து நிற்க வேண்டும். முகாம் ஆண்களில் நிறையப் பேர் பெயிண்ட் வேலைக்குப் போகிறவர்கள், கோவை, திருப்பூர், கேரளா வரைக்கும். செக்கிங் நாளுக்கு மேஸ்திரியிடம் சொல்லிவிட்டு ஓடி வருவார்கள். எத்தனை சினேகமான ஊராக இருந்தாலும், நீ இன்னும் இங்கேதான் இருக்கிறாயா என்று மாதம் ஒருமுறை எண்ணிப் பார்த்தால் அதை என் ஊர் என்று எப்படி அழுத்திச் சொல்வான்?

போர் முடிந்த பிறகு ஏன் போகவில்லை என்கிறீர்கள். போனார்கள். 2009க்குப் பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் குடும்பங்கள் போயின. என் பழைய மாணவி ஒருத்தி மன்னார்ப் பக்கம் போய்த் தையல் கடை வைத்திருக்கிறாள். ஆனால் நிலம் இருந்தவனுக்குத்தான் திரும்பிப் போக ஓர் இடம். வன்னிக்கு ஓடிப்போய் யாரோ ஒருவருடைய காணியில் கூலிக்கு இருந்த மலையகக் குடும்பம் எங்கே திரும்பும்? நிலம் இருந்தவர்களிலும் சிலருடையது காடு மண்டிக் கிடந்தது, சிலருடையதில் ராணுவம் இருந்தது. பிள்ளை இங்கே பிளஸ் டூ படித்துக்கொண்டிருப்பான், அங்கே பாடத்திட்டமே வேறு. இன்னொரு காரணமும் இருக்கிறது, யாரும் மனுவில் எழுதாத காரணம்: இங்கே புதைத்துவிட்டார்கள். தாய் தகப்பனை இந்த மண்ணில் புதைத்த பிறகு போவது லேசில்லை. ஒரு பெரியவர் என்னிடம் சொன்னார்: “டீச்சர், மனிசியை இஞ்ச விட்டிட்டு நான் மட்டும் போய் என்ன செய்யிறது?” மனைவி இறந்து ஆறு வருடம் ஆகியிருந்தது. ஒவ்வொரு நவம்பர் இரண்டாம் தேதியும் கல்லறைத் திருநாளுக்குச் சுண்ணாம்பு அடித்து, பூப்போட்டு, மெழுகுவர்த்தி ஏற்றுவார். அவரைக் கேட்டால் ஊர் பேசாலைதான். ஆனால் பேசாலைக்குப் போகமாட்டார்.

எங்கள் குடும்பத்தையே ஒப்பிட்டுப் பார்க்கிறேன். நாங்களும் இடம்பெயர்ந்தவர்கள்தான். 1964 டிசம்பர் 22 ராத்திரி தனுஷ்கோடியைக் கடல் கொண்டுபோனபோது எனக்கு மூன்று வயது. ஒரு விசேஷத்துக்குத் தங்கச்சிமடம் வந்திருந்ததால் தப்பினோம், திரும்பிப் போக ஊர் இல்லை. வாழத் தகுதியற்ற இடம் என்று அரசாங்கம் சொல்லிவிட்டது. அப்பத்தா சாகும் வரைக்கும் “எங்க ஊரு தனுஷ்கோடி” என்றுதான் சொல்லும். “எங்க ஊருல ரயிலு வந்து நின்னா பக்கத்துலயே கப்பலு நிக்கும்டி” என்று பெருமை அடிக்கும். யாரும் அதைத் தடுக்கவில்லை. தங்கச்சிமடத்தில் ரேஷன் கார்டு, ஓட்டு, பட்டா எல்லாம் வாங்கிக்கொண்டு வாயில் மட்டும் தனுஷ்கோடியை வைத்துக்கொண்டது. அப்பா தலைமுறையில் “பூர்வீகம் தனுஷ்கோடி” ஆனது. எனக்கு அது கேள்விப்பட்ட ஊர். யாரும் வற்புறுத்தாமல், அதன் போக்கில் மூன்று தலைமுறையில் ஊர் மாறிவிட்டது. பழைய ஊரை வைத்துக்கொள்ள அப்பத்தாவுக்குச் சுதந்திரம் இருந்தது, ஏனென்றால் புது ஊரைப் பற்றிய கவலை இல்லை. முகாம்காரர்களுக்கு இது தலைகீழ். பேசாலை என்று பெருமையாகச் சொன்னால் “அப்ப அங்கயே போக வேண்டியதுதானே” என்று ஒரு குரல் வரும். மண்டபம் என்றால் “நீ அகதிதானே” என்று இன்னொரு குரல் வரும். நடுவில் “ராம்நாடு பக்கம்” என்பது பத்திரமான பதில். பொய்யும் இல்லை.

இடம்பெயர்ந்தவர்கள் அடையாளத்தை எப்படிக் கட்டிக்கொள்கிறார்கள் என்று பெரிதாகக் கேட்டிருந்தீர்கள். பண்டிகை, சமையல், கோயில் என்று எல்லோரும் எழுதுவார்கள். அதுவும் உண்மைதான், முகாமில் புட்டு அவிக்கும் வாசனை இன்றைக்கும் வருகிறது. ஆனால் நான் பார்த்த வரையில் அதெல்லாம் தானாக நடக்கும். சிரமப்பட்டுக் கட்டியது வேறு. முதல் தலைமுறை படிப்பைக் கட்டியது. பத்துக்குப் பத்து அறையில் ஆறு பேர் இருந்துகொண்டு, சீலையைத் தொங்கவிட்டு மறைத்து, அந்தப் பக்கம் பிள்ளை படிக்க இந்தப் பக்கம் குசுகுசுவென்று பேசினார்கள். 1984இல் இலங்கைத் தமிழ்த் தலைவர் செல்வநாயகத்தின் மகன் சந்திரஹாசன் தொடங்கிய ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகம் முகாம்களுக்குள்ளேயே மாலை வகுப்பு நடத்த ஆள் தயார் செய்தது, எடுத்தவர்களும் அகதிகளே. என் வகுப்பில் மனப்பாடச் செய்யுள் பிசகாமல் சொல்வது முகாம் பிள்ளைகள்தான். அரசு வேலைக்குப் போக முடியாது என்று தெரிந்தும் படித்தார்கள், அதுதான் எனக்கு ஆச்சரியம். சாதி விஷயத்தில் அவ்வளவு மெச்ச முடியவில்லை. வந்த புதிதில் ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிட்டவர்கள், கல்யாணப் பேச்சு வந்ததும் யார் எந்தக் கரை என்று விசாரிக்கத் தொடங்கினார்கள். கடல் தாண்டும்போது அது நனையவே இல்லை. உள்ளூர்ப் பையனைக் கட்டிக்கொண்ட பெண்களும் உண்டு. அவர்கள் பிள்ளைகளுக்கு மேலே சொன்ன 2004 சட்டம் வந்து குறுக்கே நிற்கிறது.

ஆகவே உங்கள் பையனிடம் மறுபடி ஊர் விசாரிக்க வேண்டியதில்லை. நீங்கள் கேட்டதற்கு வருத்தமும் தெரிவிக்க வேண்டாம், அது அவனை இன்னும் கூச வைக்கும். பேச்சோடு பேச்சாக ஒரு நாள் “உங்க வீட்டுல எந்த வருசம் வந்தாங்க?” என்று கேட்டுப் பாருங்கள். அந்தக் கேள்வி தெரிந்தவர்கள் கேட்கும் கேள்வி. சொல்ல விருப்பம் இருந்தால் சாயங்காலம் வரை சொல்வான். விருப்பம் இல்லையென்றால் வருடத்தை மட்டும் சொல்லிவிட்டு வேலையைப் பார்ப்பான், அதோடு விட்டுவிடுங்கள்.

கட்டுரை விஷயத்தைப் பாதியில் விட்டேன். 2010க்குப் பிறகு பேசாலையும் முல்லைத்தீவும் கட்டுரைகளிலிருந்து மெல்லக் காணாமல் போயின. ஆச்சிமார் ஒவ்வொருவராகப் போய்விட்டதும் ஒரு காரணமாக இருக்கலாம். சில பிள்ளைகள் தலைப்பை எழுதிவிட்டு, உள்ளூர்ப் பிள்ளை எழுதியதைப் பார்த்து எழுதினார்கள். சிலர் ராமேஸ்வரம் கோயிலைப் பற்றி எழுதித் தப்பித்தார்கள். எங்கள் ஊர் என்ற சொல்லே உள்ளே வராது. நான் ஓய்வு பெற்ற வருடம் கடைசியாகத் திருத்திய கட்டில் ஒரு பெண்ணின் தாள் இருந்தது. அவள் அப்பாவும் என் மாணவன்தான். கையெழுத்து அப்படியே அப்பனுடையது. முன்னுரை சரியாக இருந்தது. ஒற்றுப் பிழை இரண்டே இரண்டு. முதல் வரி இப்படித் தொடங்கியது: “எங்கள் ஊரில் ரயில் நிற்கும். ரயில் நிலையத்தில் மஞ்சள் பலகையில் எங்கள் ஊர்ப் பெயரை மூன்று மொழிகளில் எழுதி வைத்திருக்கிறார்கள். எங்கள் ஊரின் பெயர் மண்டபம் கேம்ப்.”